சன்னலில் ஒரு சிவப்புத் துணி

எதிர்வீட்டு நூபியா சன்னலில் சிவப்புத் துணி கட்டி நான்கு நாள்தான் ஆகிறது. அதற்குள் மூன்று தடவை ஆள் வந்துவிட்டது. ஆறு வயது மைலின் கம்பியைப் பிடித்தபடி எண்ணிக்கொண்டிருந்தாள்.

"அம்மா, ஷரித் வீட்டுக்கு இன்னிக்கும் வந்துருக்காங்க."

முகக்கவசம் தைத்துக்கொண்டிருந்த யுரானி நிமிரவில்லை. "வருவாங்க. நூபியா குடுத்து வெச்சவ. துணியக் கட்டினா அரிசி, பருப்பு, வெல்லம் எல்லாம் வாசலுக்கே வருது. நமக்கு இடுப்பு ஒடியத் தெச்சாத்தான் சோறு."

ஊரடங்கு வந்ததிலிருந்து சோவாச்சா ஊரின் மலைச்சரிவில் சிவப்புத் துணி என்றால் அந்த வீட்டில் அடுப்பு எரியவில்லை என்று அர்த்தம். அதை மைலினுக்கு யாரும் சொல்லவில்லை. துணி கட்டிய வீட்டுக்கு ஆள் வருகிறது, அவ்வளவுதான் அவளுக்குத் தெரியும். வந்தவர்கள் நூபியாவின் மகள் ஷரித்தைப் பேர் சொல்லிக் கூப்பிட்டார்கள். பல் விழுந்த இடத்தைக் காட்டச் சொல்லிச் சிரித்தார்கள். மைலினுக்கும்தான் பல் விழுந்திருந்தது. யார் கேட்டார்கள்? அவளுக்கு வயிறு எரிந்தது.

மறுநாள் காலை, அம்மாவின் துணிக்கூடையிலிருந்து சிவப்புத் துண்டு ஒன்றை எடுத்துக் கம்பியில் கட்டினாள்.

மதியம் கதவு தட்டப்பட்டது. பெட்டியோடு ஓர் இளம்பெண் தள்ளி நின்றாள். "அக்கா, துணியப் பாத்தோம். எத்தன பேரு வீட்டுல?"

யுரானிக்கு முகம் சிவந்தது. எதிர்ச் சன்னலிலிருந்து நூபியா குரல் கொடுத்தாள். "என்ன யுரானி, நேத்து வரைக்கும் என்னைப் பாத்து மூஞ்சியத் திருப்பினியே. இப்ப நீயும் கட்டிட்டியா?"

"எங்க வீட்டுல அரிசி இருக்கு. இது இவ வேலை. ஏன்டி கட்டுன?"

"எனக்குப் பெட்டி வேணாம். இந்த அக்கா என் பல்லப் பாக்கணும்." மைலின் வாயைத் திறந்து காட்டினாள்.

"எப்ப விழுந்துச்சு?" என்றாள் யுரானி.

"போன வாரம். சொன்னேன், நீ மெஷின்ல இருந்த. தலகாணிக்கு அடியில வெச்சேன். பல்ல எடுத்துட்டுப் பரிசு வெக்கிற எலிகூட வரல. வெளிய வரக்கூடாதுன்னு அதுக்கும் சொல்லிட்டாங்களாம்மா?"

யுரானி துணியை அவிழ்த்தாள். பெட்டியைத் தேவைப்படும் வீட்டுக்குக் கொடுக்கச் சொன்னாள். பிறகு எதிர்ச் சன்னலைப் பார்த்தாள்.

"நூபியாக்கா, உங்க வீட்டுக்கு அரிசி வர்றதப் பாத்து நான் பொறாமப்பட்டேன். ஆள் வர்றதப் பாத்து இவ பட்டிருக்கா. சோறு போட்டுட்டோம்னு இருந்துட்டேன். பிள்ளை வாயைத் திறந்தா என்னன்னு பாக்கவும் வீட்டுல ஒரு ஆளு வேணும்க்கா. இல்லாட்டி அதுவும் பட்டினிதான்."