கண்ணில்லாக் கெளுத்திகளும் ஒரு காத்தாடியும்

முதலமடையில் கருப்புசாமியின் கிணற்றுக் கெளுத்திகளுக்குக் கண் கிடையாது. அதனால் தண்ணீர் எங்கே முடிகிறது என்று தெரியாமல் அவை கிணற்றைத் தாண்டி மேலே வந்து, வாசல் வழியாக வீட்டுக்குள் நீந்தின. விரல் நீளம், செம்மண் நிறம். நிலத்தடி நீரில் மட்டும் வாழும் சின்னப் பேரினம், இதில் சில வகைகளே உண்டு என்று பார்க்க வந்த கல்லூரி ஆசிரியர் சொன்னார். காற்றில் நீந்துவதைப் பற்றி அவர் எதுவும் சொல்லவில்லை. காதோரம் வந்த ஒன்றுக்குத் தலையைச் சாய்த்து வழிவிட்டார். மீன்களுக்கு அடிபடும் என்று கருப்புசாமியின் மனைவி கமலாத்தாள் கூடத்து மின்காத்தாடியை நிறுத்திவிட்டாள். அந்தக் கோடையில் சுற்றுவட்டாரத்து ஆழ்துளைக் கிணறுகளெல்லாம் வறண்டன. அவர்கள் கிணற்றில் தண்ணீர் இறங்கவில்லை.

கிணறு பங்குக் கிணறு. கருப்புசாமிக்கு ஒரு நாள், பக்கத்து வீட்டுத் தம்பி தங்கதுரைக்கு மறுநாள். வரப்பு மாமரம் யாருடையது என்ற தகராறில் அண்ணன் தம்பி பேச்சு நின்று வருடங்கள் ஆகியிருந்தன. முறை முடிந்தவர் மோட்டார் அறைச் சாவியை ஆணியில் மாட்டுவார், மற்றவர் எடுத்துக்கொள்வார். உறவு அந்த ஆணியளவில் நின்றது.

அடுத்த மாசியில் வெக்கை தாங்காத கருப்புசாமி, கிணற்றில் எது விழுந்தாலும் செய்வதைப் போல, மீன்களை விரட்ட ஒரு வாளி ப்ளீச்சிங் பவுடரைக் கொட்டிவிட்டு வந்து காத்தாடியைச் சுழலவிட்டார். மீன்கள் வரிசையாகச் சுவரைக் கடந்து, காத்தாடி பழுதாகிக் கிடந்த தங்கதுரை வீட்டுக்குப் போயின. தண்ணீரும் அவற்றின் பின்னால் போனது. கிணற்றில் பாறை தெரிந்தது. தங்கதுரை வீட்டில் முழங்காலளவு தெளிந்த நீர் நின்றது. அது எதையும் நனைக்கவில்லை, குடத்தில் அள்ள வரவில்லை. அண்ணன் தம்பி இருவரின் தோப்பிலும் மாம்பிஞ்சு உதிரத் தொடங்கியது.

கமலாத்தாள் சேலையைத் தூக்கிப் பிடித்தபடி உள்ளே போனாள். தங்கதுரையின் மனைவி பிரதீபா கட்டில்மேல் உட்கார்ந்திருந்தாள்.

"வாங்கக்கா. பெரிய மாமனுக்குக் காத்து வேணும்னு எங்க ஊட்டுக்குக் கடல அனுப்பி வெச்சாருங்களா?"

"சிரிக்காத பிரதீபா, பிஞ்செல்லாம் உதுருது. அதுகளக் கூப்புட்டுப் போலாம்னு வந்தேன்."

"கூப்புட்டா வர அதுக என்ன கோழிகளாக்கா?"

கமலாத்தாள் வீடு திரும்பினாள். கணவரைப் பார்த்தாள், பிறகு காத்தாடியைப் பார்த்தாள். கருப்புசாமி அதைக் கழற்றி இறக்கினார். துடைப்பமும் சாக்குமாகக் கிணற்றில் இறங்கிப் பவுடர் படிந்த பாறையைத் தேய்க்க ஆரம்பித்தார். உச்சி வெயிலில் மேலே ஒரு தலை எட்டிப் பார்த்தது.

"அண்ணா, அந்த மூலைல இன்னும் வெள்ளையா இருக்குதுங்க."

கருப்புசாமி நிமிர்ந்து பார்த்தார். "கண்ணு நல்லாத் தெரியுதில்ல, எறங்கித் தேயி" என்றார். தங்கதுரை இறங்கினார். பிறகு இருவரும் பேசாமல் தேய்த்தார்கள். அது வேறு மாதிரியான பேசாமை.

அவர்கள் ஏறி வந்த மறுநாள் மீன்கள் திரும்பின, தண்ணீர் பின்னால் வந்தது. மிச்சப் பிஞ்சு காயாகி லாரி ஏறியது. சுமைக்காரர்கள் இப்போதும் மீன்களுக்கு வழிவிட்டுத் தலைகுனிந்துதான் கருப்புசாமி வீட்டுக்குள் சாப்பிட வருகிறார்கள். ஆணியில் யாரும் சாவி மாட்டுவதில்லை. தம்பி வந்து கையில் வாங்கிக்கொள்கிறார். கருப்புசாமி பனையோலை விசிறியால் மெல்ல வீசிக்கொள்கிறார். ஒரு கெளுத்தி வந்தால் கையை நிறுத்தி, அது போன பிறகு வீசுகிறார்.