பானியோவின் ஆல்பத்தில் இல்லாத படம்

பிஸ்கட் தட்டை நீட்டியபடியே ரொவேனா அந்தப் பெண்ணின் விரல்களைப் பார்த்தாள். மோதிரம் இல்லை. முகக்கவசமும் கறுப்புக் கண்ணாடியுமாக மூன்று நாளாக மதியத்தில் வருகிறாள். ஒரு பிஸ்கட்டைக்கூடத் தொடாமல், கடைசி நாற்காலியிலிருந்து, அடக்கம்வரை வீட்டிலேயே வைத்திருக்கும் அப்பாவின் சவப்பெட்டியையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். துக்கத்துக்கு வந்தவளை யாரென்று கேட்பது மரியாதையில்லை.

“டிவிக்காரங்களப் பாக்கப் போறேன்னு சொல்லிட்டு எவ வீட்டுக்குப் போனானோ உங்கப்பன்,” என்று காதில் ஊதினாள் சாரிங் அத்தை. “இப்ப பாரு, வந்து உக்காந்திருக்கா.”

பானியோ என்று எல்லோரும் கூப்பிடும் அப்பா எபிஃபானியோவின் நட்சத்திரப் பைத்தியம் பாசிக் நகரத்தில் அந்தச் சந்து முழுக்கத் தெரிந்ததுதான். ஸ்டூடியோ வாசலில் காவலாளி விரட்டுவான். சாவு வீட்டில் யாரையும் விரட்ட மாட்டார்கள். இதைக் கண்டுகொண்ட நாளிலிருந்து நட்சத்திரங்களின் தாய், மாமன், கார் ஓட்டி, யார் செத்தாலும் வெள்ளைச் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுவார். நிஜமாகவே அழுவார். காப்பி குடிப்பார். நட்சத்திரத்தோடு ஒரு படம் எடுத்துக்கொண்டு வருவார். ஆல்பத்தில் நாற்பத்தோரு படங்கள். ரொவேனாவுக்கு அதைத் திறக்கவே கூசும்.

ஒரே ஒரு தடவைதான் வெறுங்கையோடு வந்தார். பெருவெள்ளம் வந்த வருஷம். நடிகை அடெலா கரிங்காலின் அம்மா சாவுக்கென்று போனவர், நாலு நாள் கழித்து இடுப்பளவு சேறோடு திரும்பினார்.

“படம் எங்க?” என்றாள் அம்மா.

“எடுக்க முடியல.”

அதோடு அம்மா அவரிடம் பேசுவதையே குறைத்துவிட்டாள். இன்னொருத்தி இருக்கிறாள் என்று நம்பியபடியே போய்ச் சேர்ந்தாள். ரொவேனாவும் அம்மா கட்சிதான்.

அந்தப் பெண் எழுந்து பெட்டியருகே போனாள். ரொவேனா தட்டை வைத்துவிட்டுப் பின்னாலேயே போனாள்.

“தப்பா நினைக்காதீங்கக்கா. எங்கப்பாவ உங்களுக்கு எப்படிப் பழக்கம்?”

அவள் கண்ணாடியைக் கழற்றி முகக்கவசத்தை இறக்கினாள். முகத்தில் வயது ஏறியிருந்தது. முற்றத்தில் துக்கத்துக்கு வந்தவர்களின் சீட்டாட்டம் நின்றது. அடெலா கரிங்கால் என்று யாரோ முணுமுணுத்தார்கள்.

“எங்கம்மா செத்தப்போ வீட்டுக்குள்ள தண்ணி வந்துடுச்சும்மா. சொந்தக்காரங்க ஒருத்தரும் வரல. இவரு மட்டும் நீந்திட்டு வந்தாரு. பெட்டிய மேசை மேல ஏத்தி, மிதந்து போயிடாம ஆளுக்கொரு பக்கம் பிடிச்சுக்கிட்டு நாலு நாள் நின்னோம்.”

“அப்ப படம் ஏன் எடுக்கல? எங்க போனாலும் எடுப்பாரே.” ரொவேனாவின் குரலில் இன்னும் சந்தேகம் இருந்தது.

“ஆசப்பட்டாரு. பெட்டிய விட்டா மிதக்கும். எடுக்க மூணாவது ஆள் இல்ல.” அவள் தன் கைபேசியை நீட்டினாள். “மூணு நாளா உங்கிட்ட கேக்க வெக்கமா இருந்துச்சு. இப்ப எடுத்துத் தரியாம்மா?”

சொல்லிவிட்டுப் பெட்டியின் ஓரத்தை, பிடித்துக்கொள்வதுபோல, ஒரு கையால் பற்றி நின்றாள்.

“கண்ணீரு பெட்டி மேல விழப்போகுது, ஆகாது. தள்ளி நில்லு,” என்றாள் அத்தை ரொவேனாவிடம்.

கைபேசியை வாங்கிக்கொண்டு ரொவேனா ஓரடி பின்னால் போனாள். பிறகு இன்னும் இரண்டடி, சுவரில் மாட்டியிருந்த அம்மாவின் படமும் திரைக்குள் வரும்வரை.