கடைசி இரண்டு ரூபா

இக்ராம் நானாவின் கடைக்கு என் மனைவி ஜெயந்தினி கொடுக்கவேண்டி இருந்தது ஆயிரத்து இருநூற்று நாற்பத்திரண்டு ரூபா. மாவு, பருப்பு, மண்ணெண்ணெய், தீபாவளிக்கு எடுத்த ஒரு சேலை. அன்றைக்கு அது எங்களுக்குப் பெரிய தொகை. கடையில் ஆட்கள் நிற்கும்போது நானா, "கணக்கு நீண்டுக்கிட்டே போகுதே தங்கச்சி" என்று சிரித்துக்கொண்டுதான் சொன்னார். அவளுக்கு அது சுருக்கென்று தைத்துவிட்டது.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. கைக்காசுக்குத் தேயிலைக் கொழுந்து பறிக்கும் நாள். பறித்த கிலோவுக்கு அன்றைக்கே காசு. முதல் கொழுந்தைக் கூடையில் போடும்போது எல்லோரும் "பொலி, பொலி" என்பார்கள். அந்த நேரத்தில் வாயில் நல்ல சொல்தான் வரவேண்டும், வேறு பேச்சு கூடாது. ஜெயந்தினியோ ஏழாம் நம்பர் மலையடியில், மலைச்சாமிக் கல்லுக்கு முன்னால் நின்று, "பொலி! இந்தக் கையால பறிக்கிற கொழுந்துல கடன் அடையாம நான் கீழ எறங்க மாட்டேன்" என்று சொல்லிக் கூடையில் போட்டாள்.

அன்றைக்குப் பனி இறங்கியது. விலகியதும் மற்றப் பெண்கள் வந்துவிட்டார்கள். அவள் வரவில்லை.

இருபத்தாறு வருடமாகிறது. அவளுக்கு இன்னும் அதே காலைதான்.

ஏழாம் நம்பரில் பனி இறங்கினால் நான் அந்தப் பனிக்குள் போய்விடுவேன். அவள் தன் நிரையில் நின்று பறித்துக்கொண்டிருப்பாள், இடுப்பில் சுற்றிக் கட்டிய அதே படங்குச் சாக்கு, அதே ஈரம். ஒரு வெற்றிலை போடும் நேரம் பேசிவிட்டு வெளியே வந்தால் லயத்து வீட்டில் இரண்டு நாள் போயிருக்கும். என் சம்பளம் வெட்டுப்படும். படட்டும்.

"சோறு பொங்கிட்டீங்களா, இல்ல நான் வந்துதான் அடுப்பு மூட்டணுமா?"

"பொங்கிட்டேன்."

"அதென்னங்க, தல பூரா இவ்வளவு பனி?" என் நரையைக் கையால் துடைத்துப் பார்ப்பாள். போகாது. "நல்லா படிஞ்சிருக்கு. தொவட்டுங்க, சளி புடிக்கும்."

நானா சும்மா இருந்துவிடவில்லை. முதல் வாரமே மலையடிக்கு வந்து, "தங்கச்சி, கடன விட்டுட்டேன், எறங்கி வாங்க!" என்று தொண்டை கட்டும்வரை கத்தினார். நான் என் சம்பளத்தை அவள் கையில் திணித்தும் பார்த்தேன். "என் கொழுந்துலதானே சொன்னேன்" என்று திருப்பிக் கொடுத்துவிட்டாள். அன்றைக்குக் கைக்காசு கிலோவுக்கு ஐந்து ரூபா. ஒரு கூடை எந்த மூலைக்கு? நிறைந்த கூடையிலேயே அமுக்கி அமுக்கிப் போட்டுக்கொண்டிருந்தாள்.

இன்றைக்குக் கிலோவுக்கு ஐம்பத்து நான்கு. அவள் முதுகில் இருக்கும் அந்த ஒரு கூடை போதும். இது எனக்குக் கொஞ்சக் காலமாகவே தெரியும், சொல்லத்தான் வாய் வரவில்லை. சொன்ன சொல் நிறைவேறினால் பனி அவளை விட்டுவிடும். விட்டால் அவள் என்னிடம் வருவாளா, ஒரேயடியாகப் போய்விடுவாளா?

வரும் மாதம் ஏழாம் நம்பர் தேயிலையைப் பிடுங்கி மரக்கன்று வைக்கப்போகிறார்கள். பிறகு அவள் எதைப் பறிப்பாள்? அதைச் சொல்லத்தான் இந்தமுறை போனேன். அவள் விரல்களை விரித்துக் காட்டினாள். கறை ஏறி, வெடித்திருந்தன.

"கை வலிக்குதுங்க. இன்னிக்கு என்னமோ பொழுதே போகமாட்டேங்குது."

அதற்கு மேல் என்னால் முடியவில்லை. "கூடையக் குடு. நான் நிறுத்துட்டு வர்றேன்."

"காசு பத்துமா?"

"பத்தும். இப்பக் கூட்டிக் குடுக்கிறாங்க."

"அப்பச் சரி. கட்டிட்டு ஒரு கொரல் குடுங்க, எறங்கிர்றேன்."

நிறுக்கும் இடத்தில், கூடையோடு வரிசையில் நின்ற தனுஜா என்னைக் கண்டு சிரித்தாள். "என்னா மாமா, கெழவனுக்குக் கொழுந்துக் கூடை கேக்குதோ?"

கணக்கப்பிள்ளை கஜேந்திரன் தராசைப் பார்த்தார். "இருபத்து மூணு கிலோ. யாரு பேர்ல போடுறது?"

"ஜெயந்தினி பேர்ல."

தனுஜாவின் சிரிப்பு நின்றுவிட்டது. கஜேந்திரன் பேரை எழுதிவிட்டு, ஆயிரத்து இருநூற்று நாற்பத்திரண்டு ரூபாவை என் கையில் வைத்தார்.

நானாவின் கடை மலைக்கு நேர் கீழே இருக்கிறது. நான் காசை நீட்டியதும் அவருக்கு விளங்கிவிட்டது. தாள்களை வாங்கி, முதல் நூறு ரூபாவை எண்ணி மேசையில் வைத்தார். மலையின் உச்சியில் பனி ஒரு நிரை விலகியது. அடுத்த தாளுக்கு அடுத்த நிரை. பனி விலகிய இடமெல்லாம் வெறும் தேயிலை. அவளோ குறைந்துகொண்டே வரும் பனிக்குள், கை வீசிக்கொண்டு இறங்கிக்கொண்டிருந்தாள்.

"மெதுவா எண்ணுங்க நானா."

அவர் ஒவ்வொரு தாளையும் தடவித் தடவி வைத்தார். இரண்டு ரூபா நாணயக் குற்றி ஒன்றுதான் மிச்சம். அது என் உள்ளங்கையில் இருந்தது. மலைச்சாமிக் கல்லருகே ஒரு சேலை அகலத்துக்குப் பனி நின்றது. அதற்குள் நின்று அவள் படங்கை அவிழ்த்து உதறினாள், கடைப்பக்கம் பார்த்தாள்.

"வேணாம் முத்து" என்றார் நானா. "அத வச்சுக்க. ரெண்டு ரூபா கடன் இருந்துட்டுப் போகட்டும். நான் கேக்க மாட்டேன்."

என் விரல்கள் தாமாகவே மூடிக்கொண்டன. நான் உயிரோடு இருக்கும்வரை அவள் அங்கேயே நிற்பாள். படங்கை அவிழ்த்தபடி, வீட்டுக்குப் போகப் புறப்பட்டபடி.

"அவளுக்குக் கை வலிக்குது நானா" என்றேன்.

குற்றியை மேசையில் வைத்துவிட்டு வாசலுக்கு வந்து குரல் கொடுத்தேன். "ஜெயந்தினீ... கட்டியாச்சு!"

"சரிங்க" என்று மேலிருந்து கேட்டது.

பிறகு பனி இல்லை. கல்லும் தேயிலையும் வெயிலில் கிடந்தன. எனக்குப் பின்னால் இக்ராம் நானா அந்த இரண்டு ரூபாவை எடுத்து மேசை லாச்சியில் போட்டார்.