சந்தைத் திடலில் ஒரு குவளை

...குடித்துத்தான் ஆகவேண்டும், வேறு வழியில்லை, என்று நினைத்தபடியே அம்ப்ரோஸ் கார்சைட் கோச்சு வண்டியை ஆலை வாசலிலிருந்து திருப்பி அனுப்பிவிட்டு சந்தைத் திடலை நோக்கி நடந்தார், நடந்தால் மனசு நிதானப்படும் என்று நினைத்தது தப்பு, தெருவெல்லாம் அவருடைய ஆலையில் பார்லி வறுபடும் வாசனை, அந்த வாசனையில்தான் ஹார்ன்பெக் ஊரே தூங்கி எழுகிறது, அவருடைய பீர்ப் பீப்பாய்கள் ரயிலேறி லண்டன்வரை போகின்றன, அந்த வருமானத்தில்தான் மலையடி ஊற்றிலிருந்து ஊருக்குக் குழாய் இழுத்திருக்கிறார், முன்பு நூலகம் கட்டினார், மருத்துவமனை கட்டினார், அப்போதெல்லாம் நாடாவை வெட்டிவிட்டு வீட்டுக்குப் போனால் போதும், இன்றைக்குக் குழாய்த் திறப்பு, ஊர் பார்க்க முதல் குவளையை அவரே குடித்துக் காட்டவேண்டும், அதற்கு ஏன் இந்தத் தயக்கம்? இந்த வயதில், ஒரு குவளை பச்சைத்தண்ணீருக்கா? காலையில் மனைவி பிரிசில்லாகூடக் கண்டுபிடித்துவிட்டாள், கழுத்துப்பட்டியைக் கட்டிவிட்டபடியே, "பேசாம மேயரைக் குடிக்கச் சொல்லிடுங்களேன், உங்களுக்கு உடம்பு சரியில்லன்னு நான் சொல்லிக்கறேன்" என்றாள். "குழாய் போட்டது நான், குடிக்கறது அவரா?" "அப்ப ஏன் விடியறதுக்கு முன்னாடியே எழுந்து உலாத்தினீங்க?" தொப்பியை எடுத்துக்கொண்டு வந்துவிட்டார்... கட்டிய மனைவிக்கே முழுசாகச் சொல்லாத கதை. அவர் சிறுவனாயிருந்தபோது காலரா வந்த அந்தக் கோடை, ஆற்றோரச் சந்து, காலையில் துணி துவைத்துக்கொண்டிருந்த அம்மா, பொழுது சாய்வதற்குள் நீலம் பாய்ந்து, கண் உள்வாங்கி... அதே ஆறு, அதே வாளி, அவனும் அதில்தான் குடித்தான், அவனை மட்டும் ஏன் விட்டுவிட்டது? பீர் ஆலைக்காரர்கள் யாரும் சாகவில்லை என்று சந்தில் பேசிக்கொண்டார்கள், அது போதும், அந்த வாரமே ஆலை வாசலில் போய் நின்றான், பீப்பாய் கழுவினான், அன்றிலிருந்து பீர், இல்லையென்றால் கொதிக்கக் கொதிக்கத் தேநீர், பச்சைத்தண்ணீர் நாக்கில் பட்டதில்லை.

திடலில் பாண்டு வாத்தியம் நின்றுவிட்டது, எல்லார் முகமும் அவர் பக்கம், மதுவிலக்குச் சங்கத்தார் கைதட்டுவதா வேண்டாமா என்று ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள், மேயர் குழாயைத் திறக்க, சங்கிலியில் கட்டிய இரும்புக் குவளை நிரம்பியது. அப்போதுதான் மீன்காரி டபிதா, இடுப்பில் குழந்தையோடு, முன்னால் வந்து நின்றாள். "பீர் வித்து மாளிகை கட்டின மனுஷன் நமக்குத் தண்ணி குடுக்கறாராம்! ஏன் முதலாளி, நீங்க தண்ணி குடிச்சு இந்த ஊர்ல யாராச்சும் பாத்திருக்காங்களா?" சிரிப்பு திடல் முழுக்கப் பரவியது. "என் வீட்டுக்காரரு உங்க ஆலையிலதான் வேலை செய்யறாரு. முதலாளி தண்ணிய மோந்துகூடப் பாக்கமாட்டாருன்னு அவரேதான் சொன்னாரு. நீங்க தொடாததை என் புள்ளைக்கு நான் எதுக்குக் குடுக்கணும்? எனக்கு ஆத்துத் தண்ணியே போதும்."

ஆத்துத் தண்ணியே போதும்... போன கோடையில் கல்லறைக்குப் போன சின்னச் சின்னப் பெட்டிகள், அதில் ஒன்று இவள் பெற்ற பிள்ளையுடையதாகக்கூட இருக்கலாம், இப்போது இவள் திரும்பிப் போனால் இவள் பின்னாலேயே அத்தனை பெண்களும் வாளியைத் தூக்கிக்கொண்டு ஆற்றங்கரைக்குத்தான் போவார்கள், குழாய் வெறும் குழாயாக நிற்கும். கூடாது. மேயர் ஏதோ அதட்ட வாயெடுத்தார், கார்சைட் அவரைக் கையமர்த்தினார். "அவங்க கேக்கறது நியாயம். ஆமாம்மா, எனக்குத் தண்ணின்னா பயம். எங்கம்மாவை இந்த ஆத்துத் தண்ணிதான் கொண்டுபோச்சு. அதனாலதான் இந்தக் குழாயே." சொல்லிவிட்டார், இத்தனை பேர் முன்னால், எப்படி வந்தது வார்த்தை? சிரிப்பு அடங்கிவிட்டது. குவளை உதட்டில் ஜில்லென்று பட்டது, கண்ணை மூடிச் சாய்த்தார், இறங்கு, இறங்கித்தான் ஆகவேண்டும்... இறங்கியது. இரும்பு வாசனை, கல்லின் குளிர்ச்சி, வேறொன்றுமில்லை. டபிதா அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், பிறகு குழந்தையை இடுப்பில் சரியாக ஏற்றிக்கொண்டு, "சரி, இப்படிக் குடுங்க" என்று கையை நீட்டினாள், கூட்டம் ஆரவாரித்தது, மேயர் அவர் தோளைத் தட்டினார், எல்லாம் முடிந்தது, வந்த வேலை முடிந்தது, குவளையைக் கொடுத்துவிட வேண்டியதுதான்... ஆனால் கை விடவில்லை, "ஒரு நிமிஷம்மா" என்று சொல்லி மறுபடியும் அதைக் குழாய்க்கடியில் பிடித்தார், இதை யாரும் கேட்கவில்லையே, யாருக்கும் எதையும் நிரூபிக்க வேண்டியதில்லையே, பிறகு ஏன்... இவ்வளவு தாகமா இருந்தது தனக்கு, எப்போதிலிருந்து?