சரித்திரப் பாடத்தில் தேர்ச்சி

திங்கட்கிழமை அமெரிக்கக் கால்பந்துப் பயிற்சி முடிந்து மற்றவர்கள் குளித்துவிட்டுச் சாப்பாட்டுக்கூடத்துக்குப் போய்விட்டார்கள். டுவைட் ரூபெல் மட்டும் போகவில்லை. ஈரத்தலையோடு கோச் எமில் கொஸ்தெலின் அறைக்கு வந்தான். சட்டைப்பையிலிருந்து நாலாக மடித்த காகிதம் ஒன்றை எடுத்து மேஜைமேல் வைத்தான்.

“கண்ணாடியை ரூம்லயே வெச்சுட்டு வந்துட்டேன் கோச். இதுல என்ன போட்டிருக்குன்னு பாத்துச் சொல்றீங்களா?”

கொஸ்தெல் நாலு வருஷமாக அவனைப் பார்க்கிறார். அவன் முகத்தில் ஒருநாளும் கண்ணாடியைப் பார்த்ததில்லை.

காகிதம் படைச் சேர்ப்பு வாரியத்திலிருந்து வந்திருந்தது. டிசம்பர் நான்காம் தேதி காலை ஏழு மணிக்கு ஓமாஹாவில் ஆஜராக வேண்டும் என்று உத்தரவு. அது 1967. ஆஜராகிறவர்கள் போர்முனைக்குத்தான் அனுப்பப்படுகிறார்கள் என்று நெப்ராஸ்காவில் குழந்தைக்கும் தெரியும். ஆனால் கல்லூரியில் படிக்கிறவன் ஒரு படிவத்தை நிரப்பி அனுப்பினால் போதும், பட்டம் வாங்கும்வரை அவனைத் தொடமாட்டார்கள். முன்னால் கடிதம் எதுவும் வரவில்லையா என்று கேட்டார். மூன்று வந்ததாம். போய் எடுத்துவரச் சொன்னார். மூன்றும் பிரிக்கப்பட்டிருந்தன. இரண்டாவது உறைக்குள் அந்தப் படிவம் ஒரு எழுத்தும் எழுதப்படாமல் இருந்தது.

கொஸ்தெல் பக்கத்திலிருந்த செய்தித்தாளை அவன் பக்கம் தள்ளினார். சனிக்கிழமை ஆட்டத்தைப் பற்றி, அவனைப் பற்றியே எழுதியிருந்த பக்கம்.

“முதல் வரியைப் படி.”

ரூபெல் செய்தித்தாளைப் பார்க்கவே இல்லை. சுவரைப் பார்த்தான். பந்தை மார்போடு அணைத்துக்கொண்டு அவன் ஓடும்போது மூன்று பேர் தொங்கினாலும் விழமாட்டான். அந்த உடம்பு இப்போது நாற்காலி விளிம்பில் சுருங்கி உட்கார்ந்திருந்தது.

“படிக்க வராது கோச். பேர் எழுதுவேன். கடைப் பலகை, ரோட்டுப் பலகை தெரியும். அவ்வளவுதான்.”

“அப்புறம் எப்படிடா நாலு வருஷம் பாஸ் ஆன?”

“எல்லாரும் பாஸ் போட்டாங்க,” என்றான். சுவரிலிருந்து திரும்பி, “நீங்களும்,” என்றான்.

பெக்வித் கல்லூரியில் மொத்தம் அறுநூறு மாணவர்கள். கொஸ்தெல் போரிலிருந்து திரும்பிய வருஷமே அங்கே சேர்ந்தவர். காலையில் சரித்திர வகுப்பு, மாலையில் மைதானம் என்று இருபத்திரண்டு வருஷம். பெரிய கல்லூரிகள் இரண்டு தடவை கூப்பிட்டும் போகவில்லை. அங்கெல்லாம் கோச் வெறும் கோச், நான் வாத்தியாரும்கூட என்று மனைவி ஆல்பினாவிடம் பெருமையாகச் சொல்லிக்கொள்வார். அந்தப் பெருமை செவ்வாய்க்கிழமை காலை பதிவேட்டு அறையில் செத்தது. ரூபெலின் பக்கத்தைப் புரட்டினார். ஆங்கிலம், தேர்ச்சி. பைபிள், தேர்ச்சி. இரண்டாம் வருஷம் அமெரிக்கச் சரித்திரம், தேர்ச்சி. அதன் பக்கத்தில் அவருடைய கையெழுத்து.

அந்த விடைத்தாள் அவருக்கு ஞாபகம் வந்தது. மேலே பெயர், கீழே ஒரு பக்கம் முழுக்கப் புழு நெளிந்ததுபோல் கோடுகள். பையன் களைத்துப்போய்க் கிறுக்கியிருக்கிறான், வாயால் கேட்டால் சொல்லிவிடுவான் என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டு தேர்ச்சி போட்டார். வாயால் கேட்கவுமில்லை. அந்த வருஷம் எட்டு ஆட்டத்தில் ஏழு ஜெயித்தார்கள்.

உடம்பெல்லாம் எரிந்தது. யார்மேல் அந்தக் கோபத்தைக் கொட்டுவது என்று தெரியாமல் நேரே கல்லூரித் தலைவர் டாக்டர் ஆம்ஸ்பரியிடம் போனார்.

ஆம்ஸ்பரி பதறவில்லை. பையன் நல்ல மாணவன், ஒழுக்கமானவன் என்று கல்லூரி முத்திரையோடு வாரியத்துக்கு ஒரு கடிதம் தருவதாகச் சொன்னார். கொஸ்தெல் தலையாட்டி மறுத்தார். உத்தரவு வந்தபிறகு அதை மாற்ற ஒரே வழிதான் உண்டு. பையன் கைமீறிய காரணத்தால் பதில் போட முடியவில்லை என்று காட்ட வேண்டும். நல்ல மாணவன் என்று எழுதிக் கொடுத்தால், அப்படியானால் மூன்று கடிதத்துக்கும் ஏன் பதில் போடவில்லை என்றுதான் கேட்பார்கள். படிக்கத் தெரியாது என்ற உண்மையை எழுத வேண்டும்.

“வசந்தத்துல அங்கீகாரக் குழு வருது எமில். ‘எங்க கடைசி வருஷப் பையனுக்கு எழுத்துக் கூட்டத் தெரியாது’ன்னு என் கையாலேயே எழுதச் சொல்றீங்களா?”

“அவன் பொணமா வந்தா என்ன எழுதுவீங்க?”

“கோவத்துல பேசாதீங்க. சனிக்கிழமை ஆட்டம் முடியட்டும், உக்காந்து பேசுவோம்.”

“வாரியம் வியாழக்கிழமை கூடுது. நான் போறேன்.”

போனார். வாரியம் இருந்த ரூபெலின் சொந்த ஊர் தொண்ணூறு மைல். அவனையும் காரில் ஏற்றிக்கொண்டார். வழியெல்லாம் கொதித்துக்கொண்டே ஓட்டினார். அங்கே இதைச் சொல்லப்போகிறேன், சரியா என்று அவனிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்கவேண்டும் என்று தோன்றவுமில்லை.

நீதிமன்றக் கட்டடத்தின் மேல்மாடியில் வாரியத்தார் ஐந்து பேர் இருந்தார்கள். மருந்துக்கடைக்காரர், தானியக் கிடங்குக்காரர், இரண்டு பண்ணைக்காரர்கள், ஓய்வுபெற்ற தபால்காரர். எல்லாரும் ரூபெலைச் சிறுவயதிலிருந்தே அறிந்தவர்கள். செய்தி கேட்டு அவன் அம்மா லியோனாவும் சர்ச்சுக்குப் போகும் கோட்டைப் போட்டுக்கொண்டு வந்து பின்வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

கொஸ்தெல் எழுந்து நின்று சொன்னார். இவனுக்குப் படிக்கத் தெரியாது. எங்கள் கல்லூரி நாலு வருஷமாக இவன் ஓடுகிற கால்களை மட்டும் பார்த்துவிட்டு மதிப்பெண் போட்டது. அதில் ஒரு பொய்க் கையெழுத்து என்னுடையது. தண்டிக்கவேண்டுமானால் எங்களைத் தண்டியுங்கள்.

தானியக் கிடங்குக்காரர் நம்பவில்லை. வெள்ளைக்காகிதத்தில் நாலு வரி எழுதி ரூபெலிடம் நீட்டி, சத்தமாகப் படிக்கச் சொன்னார். அறை முழுக்கக் காத்திருந்தது. அவன் உதடு இரண்டு தடவை அசைந்தது. அப்புறம் காகிதத்தை மேஜையில் கவிழ்த்து வைத்தான். பின்வரிசையில் லியோனா எழுந்து வெளியே போனாள்.

மூன்றுக்கு இரண்டு என்று முடிவாயிற்று. உத்தரவு ரத்து. படிக்கத் தெரியாதவன் என்று அவன் பெயரைப் பட்டியலிலிருந்தும் எடுத்துவிட்டார்கள்.

படியிறங்கும்போது கொஸ்தெல் அவன் தோளில் கைவைத்தார். அவன் தட்டிவிட்டான்.

“எங்கம்மாவுக்கு இன்னைக்குவரைக்கும் இது தெரியாது கோச்.”

“வேற வழி இல்லடா.”

“என்கிட்ட கேட்டிருக்கலாம்ல? ‘இப்படிச் சொல்லப்போறேன், சரியா?’ன்னு ஒரு வார்த்தை. பாஸ் போடும்போதும் நீங்களா போட்டீங்க, இன்னைக்கும் நீங்களா சொல்லிட்டீங்க. ரெண்டு தடவையும் நான் பக்கத்துல சும்மா நின்னேன்.”

காரில் ஏற மறுத்துவிட்டான். அம்மாவின் வண்டியில் போனான். சனிக்கிழமை ஆட்டத்துக்கு வரவில்லை, கல்லூரிக்கும் திரும்பவில்லை. அவன் இல்லாத அணி இருபது புள்ளிக்கு மேல் தோற்றது. மைதானத்தில் யாரோ கொஸ்தெலைப் பெயர் சொல்லித் திட்டினார்கள். ஊர்ப் பத்திரிகையில் வாரியத்துச் செய்தி அன்று காலையே வந்துவிட்டது.

திங்கட்கிழமை ஆசிரியர் கூட்டம். கல்லூரியின் பெயரைக் கெடுத்தவர் என்று ஆம்ஸ்பரி நிதானமாக ஆரம்பித்தார். கொஸ்தெல் அவரை முடிக்க விடவில்லை. ரூபெலின் பதிவேட்டுப் பக்கத்தைக் கையில் வைத்துக்கொண்டு, தேர்ச்சி போட்ட பதினான்கு பேரின் பெயரையும் ஒவ்வொன்றாகப் படித்தார். தன் பெயரை முதலில் படித்தார். ஒருவரும் நிமிரவில்லை. ஆங்கிலப் பேராசிரியை மிஸ் இனெஸ் தார்ப் மட்டும் எழுந்தாள். அறுபது வயது.

“நான் ஃபெயில்தான் போட்டேன். தலைவர் ரூமுக்குக் கூப்பிட்டு மாத்தச் சொன்னாங்க. மாத்தினேன். அதை நெனச்சா இன்னைக்கும் என்மேலேயே எனக்கு வெறுப்பா இருக்கு.”

அவளை ஒன்றும் செய்யவில்லை. கொஸ்தெலை மட்டும் கிறிஸ்துமஸோடு அனுப்பினார்கள்.

பக்கத்து ஊர் உயர்நிலைப்பள்ளியில் சரித்திரம் சொல்லிக்கொடுக்கும் வேலை கிடைத்தது. அணியையும் எடுத்துக்கொள்ளுங்கள் என்றார்கள், மறுத்துவிட்டார். பதினோரு வருஷம் அங்கே இருந்தார். ஒவ்வொரு செப்டம்பரும் ஒவ்வொரு பிள்ளையையும் தனியாக உட்காரவைத்து ஒரு பக்கம் படிக்கச் சொல்வார். அத்தனை வருஷத்தில் மூன்று பேருக்கு வரவில்லை. அந்த மூன்று தடவையும் கீழ்வகுப்பு வாத்தியார்களோடு சண்டை போட்டார். கோபக்காரக் கிழவன் என்று பெயர் வந்தது. ஆல்பினா கொலாச்சி என்ற பழ ரொட்டியைச் சுட்டுக்கொண்டே, “அந்தப் பேர் பொருத்தமாத்தான் இருக்கு,” என்பாள்.

ஓய்வுபெற்ற வருஷம் ஒரு மாட்டுச்சந்தையில் ரூபெலைப் பார்த்தார். அகன்ற மனிதனாகியிருந்தான். ஏலப் பட்டியலை விரலால் கோடிட்டு மெதுவாகப் படித்துக்கொண்டிருந்தான். மனைவிதான் சொல்லிக்கொடுத்தாளாம், மூன்று குளிர்காலம் ஆயிற்றாம். அம்மா இறந்து ஐந்து வருஷம் ஆகிறது என்றான். சாகும்வரை அந்த அறையைப் பற்றி இருவரும் பேசிக்கொள்ளவில்லையாம்.

“உயிரோட இருக்கேன். அது உங்களாலதான், தெரியும்,” என்றான். “ஆனா கோவம் இன்னும் போகல கோச்.”

“போக வேண்டாம்,” என்றார் கொஸ்தெல். “உன்கிட்ட அன்னைக்குக் கேட்டிருக்கணும். கேக்கல. தப்பு என்னுதுதான்.”

ஏலக்காரன் அடுத்த மாட்டின் எண்ணைக் கூப்பிட்டான். ரூபெல் பட்டியலைப் பார்த்துவிட்டு, தான் குறித்துவைத்த மாடுதான் என்று கை தூக்கினான்.