சுவரில் தொங்கிய நடிகர்

நாறும்பூநாதன் சினிமாவிலும் டிவியிலும் நடிக்கிறார் என்றால் நெல்லை டவுனில் பாதிப் பேர் நம்பமாட்டார்கள். அவர்களைக் குற்றம் சொல்லவும் முடியாது. மனுசன் நடித்ததெல்லாம் சுவரில் தொங்கித்தான். செத்துப்போன அப்பா, செத்துப்போன அண்ணன், செத்துப்போன பண்ணையார் என்று கதையில் யார் முந்திக்கொண்டு போய்ச் சேர்ந்திருந்தாலும், கூப்பிடு நாறும்பூவை! சட்டையை மாற்றி ஒரு போட்டோ, அதற்குச் சந்தனப் பொட்டு, ஒரு மாலை. தீர்ந்தது நடிப்பு.

பாபநாசத்தில் ஷூட்டிங் வேடிக்கை பார்க்கப் போனவரை ஒரு டைரக்டர்தான் முதலில் பிடித்தார். பார்த்தவுடன் நம் வீட்டுக் கல்யாணத்தில் பந்தி விசாரித்தவர் மாதிரி ஒரு முகமாம். அன்றிலிருந்து வடக்கு ரத வீதி ஜவுளிக்கடையில் சேலை விரிப்பதும், அழைப்பு வந்தால் நெல்லை எக்ஸ்பிரஸ் ஏறுவதுமாகக் காலம் ஓடியது. அவருக்கு அதில் சந்தோஷத்துக்குக் குறைச்சலில்லை.

குறையெல்லாம் பெண்டாட்டி கோமுவுக்குத்தான். குத்துக்கல்லாட்டம் இருக்கிற புருசன் படத்துக்கு மாலை போட்டால் எவளுக்குப் பொறுக்கும்? டிவியில் அந்தப் படம் வந்தாலே தாலியை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொள்வாள். களக்காட்டிலிருக்கும் பிறந்த வீட்டாரிடம் நடிப்பைப் பற்றி மூச்சு விட்டதில்லை. மாப்பிள்ளைக்கு ஜவுளிக்கடை வேலை, அதோடு சரி.

இப்போது ஒரு சீரியலில் தலைமையாசிரியர் வேஷம் வந்திருந்தது. பேசுகிற வேஷம்! கடைப் போனில் கேட்டதும் மனுசனுக்குக் கால் தரையில் பாவவில்லை. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ரயில். ஆனால் அந்த வாத்தியாரும் சீக்கிரமே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்துவிடுவார், அப்புறம் பழையபடி சுவர்தான். அதை மட்டும் வீட்டில் சொல்லவில்லை. சொல்லுமுன்னே கோமு மறித்துவிட்டாள்.

"ஒரு வேசமும் வேண்டாம். இனி மெட்ராஸுக்குப் போனிய, நான் களக்காட்டுக்குப் போயிருவேன்."

கெஞ்சிப் பார்த்தார். சாப்பிடாமல் கிடந்தும் பார்த்தார், பசி தாங்கவில்லை. ஞாயிறு மத்தியானம் தட்டின் முன் உட்கார்ந்தபோது, போகமுடியாது என்றே முடிவுகட்டியிருந்தார்.

அந்நேரம் தெருமுனையில் எழுந்தது ஓலம்.

"என்னப் பெத்த மாப்ளே... போயிட்டியளே!"

கோமுவின் அத்தை சுடலைவடிவு மாரில் அடித்துக்கொண்டு முன்னால் வர, களக்காட்டுச் சொந்தம் பூராவும் துஷ்டி கேட்க, துக்கம் விசாரிக்கப் பின்னால் வந்தது. முந்தின நாள் அத்தை பக்கத்து வீட்டு டிவியில் எட்டிப் பார்த்திருக்கிறாள். மாலையோடு மாப்பிள்ளை படம், சுற்றிலும் அழுகை. "ஐயோ, நம்ம கோமு வீட்டுக்காரர்லா!" என்று அவள் கத்தவும் கரண்டு போகவும் சரியாக இருந்திருக்கிறது. பிறகென்ன, விடிந்ததும் பஸ் ஏறிவிட்டார்கள்.

"ஏட்டி கோமு, பூவும் பொட்டுமா நிக்கியே! ஒரு தந்தி குடுக்கத் தோணலையா? நான் ஆஸ்பத்திரியில கெடந்தப்ப ரசங் கொண்டாந்து ஊட்டுன மனுசம்லா!"

நாறும்பூ எச்சில் கையோடு வாசலுக்கு வந்தார். "யாருக்கு என்ன ஆச்சு அத்தே?"

அத்தை போட்ட கூச்சலில் தெருவே கூடிவிட்டது. ஒரு மாமா அவர் கையைக் கிள்ளிப் பார்த்தார். கோமு அழுகையும் சிரிப்புமாக விஷயத்தைச் சொல்லி முடிப்பதற்குள், கொண்டுவந்த ரோஜா மாலையை வாசலில் நின்ற மாடு தின்றுவிட்டது.

காப்பி உள்ளே போனபிறகு அத்தை நிமிர்ந்தாள். "கூறுகெட்டவளே, இதுக்கா பயந்துக்கிட்டுக் கெடக்க? உசுரோட இருக்கவன செத்துட்டான்னு சொன்னா ஆயுசு கூடும்லா! நாங்க அழுத அழுகைக்கு இவருக்கு நூறு வயசு கெட்டி."

அவர்கள் பஸ்ஸுக்குக் கிளம்பியதும் கோமு பெட்டியை எடுத்து வேட்டி சட்டையை அடுக்கினாள். நாறும்பூ பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். இவளிடமா மறைப்பது?

"கோமு... அந்த வாத்தியாரும் செத்துருவாருட்டி."

அவள் கை நின்றது. "அதுவரைக்கும் பேசுவாரா?"

"பேசுவாரு. வாராவாரம் பேச்சுதான்."

"அப்பப் பேசிட்டுச் சாவுங்க," என்று பெட்டியை மூடினாள். "இத்தன வருசமா உங்கள ஒரு வார்த்த பேச விடாமல்லா கொன்னானுவ. அதுதான் எனக்கு ஆறல."