மேனேஜரின் வலப் பக்கப் பற்கள்

1

இந்தக் கதை ஒரு கேள்வியிலிருந்து வந்தது. கேள்வி என்னுடையதில்லை, ஒட்டுக்கேட்டது.

என் பூனைக்குக் காதில் புண். கூடையில் வைத்துத் தூக்கிக்கொண்டு விலங்கு மருத்துவமனைக்குப் போயிருந்தேன். பரிசோதனை அறையின் கதவு சரியாகச் சாத்தாமல் இருந்தது. இடுக்கில் தெரிந்தது ஒரு பெண்ணின் செருப்பும் ஒரு பழுப்பு வாலும்தான். மருத்துவரின் குரல் மட்டும் தெளிவாகக் கேட்டது.

"இடது பக்கமெல்லாம் பளிச்சுன்னு இருக்கே. அப்ப வலது பக்கம் யாரு தேய்க்கிறா?"

பதில் வரவில்லை. அதற்குள் எங்களை அடுத்த அறைக்குக் கூப்பிட்டுவிட்டார்கள்.

எனக்குக் கதை முகமாகவோ இடமாகவோ வருவதில்லை. பேச்சாகத்தான் வரும். ஒருவர் கேட்டு இன்னொருவர் பதில் சொல்லாமல் விட்டால், அந்தப் பதிலை யாராவது சொல்லி முடிக்கிறவரை எனக்குச் சோறு இறங்காது. அந்தப் பெண்ணை மறுபடி நான் பார்க்கவில்லை. ஆகவே இனி வருவதெல்லாம் நானாகச் சொன்ன பதில். (செருப்பும் வாலும் மட்டும் நிஜம்.)

2

முதலில் இப்படித் தொடங்கினேன்:

[நாய்க்கு நாற்பத்திரண்டு பற்கள். மனிதருக்கு இருப்பதைவிடப் பத்து அதிகம். ஆயினும் நாம் அவற்றைப் பற்றி]

என் நாத்தனார் அதை வாங்கிப் படித்தாள். நான் எழுதுவதை முதலில் படிப்பவள் அவள். வேண்டாம் என்றாலும் படிப்பாள்.

"இது கதையா அண்ணி, பள்ளிக்கூடப் பாடமா?"

"கதைதான்."

"நாய்க்குப் பல்லு தேய்க்கிறதெல்லாம் ஒரு கதையா? நம்ம வீட்டுல மனுஷங்களே ஒழுங்காத் தேய்க்கிறதில்ல."

அடித்துவிட்டு மறுபடி எழுதினேன்:

[அன்று காலை தங்கை கண் விழித்தபோது வானம்]

வானம் எப்படி இருந்தால் என்ன? அவள் வேலைக்குக் கிளம்புகிற அவசரத்தில் இருப்பாள். அதையும் விட்டேன். ஆனால் அந்த வரியில் ஒரு லாபம்: 'தங்கை' என்று எழுதியிருந்தேன். தங்கை என்றால் அக்கா ஒருத்தி இருந்தாக வேண்டும். வலது பக்கம் யாருடையது என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

3

தெரியாததை எழுதக் கூடாது என்று மருத்துவருக்கே போன் செய்தேன்.

"டாக்டர், நாய்க்கு எத்தனை நாளைக்கு ஒரு தடவை பல்லு தேய்க்கணும்?"

"உங்ககிட்ட பூனைதானேம்மா இருக்கு?"

"கதையில நாய் இருக்கு."

நல்லவர், போனை வைக்கவில்லை.

"தினமும் தேய்ச்சா ரொம்ப நல்லது. முடியலைன்னா வாரத்துக்கு மூணு தடவையாவது. பல்லுல படியிற அழுக்கு ரெண்டு மூணு நாள்ல இறுகிக் காரையாயிடும். அதுக்கப்புறம் பிரஷுக்கு அசையாது. நாங்க மயக்க மருந்து குடுத்துச் சுரண்டினாத்தான் உண்டு."

"நம்ம பேஸ்ட்டையே வைக்கலாமா?"

"கூடவே கூடாது. நாய்க்குத் துப்பத் தெரியாது, அப்படியே முழுங்கிடும். நம்ம பேஸ்ட்ல இருக்கிற சிலது அதுக்கு விஷம். நாய்க்குன்னே விக்கிற பேஸ்ட்தான். முதல் ரெண்டு நாள் விரல்ல வச்சு நக்க விடுங்க. அப்புறம் உதட்டைத் தூக்கி விரலாலயே ஈறைத் தடவுங்க. அதுக்குப் பழகினப்புறம்தான் பிரஷ். பிரஷைக் கொஞ்சம் சாய்ச்சு, ஈறும் பல்லும் சேர்ற இடத்துல சின்னச் சின்ன வட்டமா. வாயைத் திறக்கச் சொல்லிப் போராட வேணாம், வெளிப்பக்கம் தேய்ச்சாப் போதும். உள்பக்கத்தை நாக்கு பாத்துக்கும். ஒரு பக்கத்துக்கு அரை நிமிஷம்."

"ஒரு பக்கம் மட்டும் தேய்ச்சுட்டு விட்டா?"

"யாரும்மா அப்படிச் செய்வாங்க?" என்றார். பிறகு எதையோ நினைத்துக்கொண்டவர் போல, "செய்யறவங்க இருக்காங்க" என்றார். அதற்கு மேல் சொல்ல மறுத்துவிட்டார். தொழில் தர்மம்.

4

தங்கையை முதலில் ஆசிரியை ஆக்கினேன். அவள் வாயைத் திறந்தால் உபதேசமாக வந்தது. மாற்றிவிட்டேன். இப்போது அவள் பேருந்து நிலையத்தில் அறிவிப்பாளர். கண்ணாடி அறை, மைக், முன்னால் நேர அட்டவணை. 'தாமதத்திற்கு வருந்துகிறோம்' என்று ஒரு நாளைக்கு முப்பது தடவையாவது சொல்கிறவள், சொந்த வாழ்க்கையில் ஒரு தடவைகூடச் சொல்லாதவள். (இது கொஞ்சம் கெட்டிக்காரத்தனமாகத் தெரிகிறது, எனக்கும் தெரிகிறது. ஆனால் அவள் குரல் காதில் விழுந்துவிட்டது. இனி வேறு வேலை கொடுக்க முடியாது.)

அக்கா மூக்குக்கண்ணாடிக் கடையின் பின்னறையில் வில்லைகளைச் சட்டத்தின் அளவுக்குத் தேய்த்துப் பொருத்துகிறவள். வில்லையின் நடுவில் சிவப்புப் பேனாவால் ஒரு புள்ளி வைத்துவிட்டுத்தான் இயந்திரத்தில் கை வைப்பாள். வீட்டிலும் அதே பழக்கம். தன் தம்ளர், தன் சீப்பு, தன் குடை, எல்லாவற்றிலும் ஒரு சிவப்புப் புள்ளி.

நாயின் பெயர் மேனேஜர். ஒரு வேலையும் செய்யாமல், மற்றவர்கள் செய்யும் எல்லா வேலையையும் பக்கத்தில் உட்கார்ந்து பார்ப்பான் என்பதால் வந்த பெயர். பதினோரு வயது.*

* மருத்துவமனையில் "மேனேஜர் உள்ள வாங்க" என்று கூப்பிட்டால், முயலோடு காத்திருக்கும் ஒருவர் தினமும் தவறாமல் எழுந்து நிற்பார் என்று ஒரு பத்தி எழுதினேன். தினமும் ஒரே முயலோடு அவர் ஏன் வர வேண்டும் என்று நாத்தனார் கேட்டாள். அடித்துவிட்டேன்.

5

இரவுச் சாப்பாட்டுக்கு முன் தேய்ப்பது அவர்கள் வழக்கம். முடிந்ததும் சாப்பாடு வரும் என்பதால் மேனேஜர் தானாகவே வந்துவிடுவான். சோபாவில் அக்காவும் தங்கையும் உட்கார, நடுவில் அவன் படுப்பான். இடப் பக்கம் தங்கை, வலப் பக்கம் அக்கா. ஆளுக்கொரு பிரஷ். அக்காவுடையதில் சிவப்புப் புள்ளி.

"ஆரம்பிக்கலாமா?"

"இரு, என் பேஸ்ட்டையும் அவனே நக்கிட்டான்."

"நீ கையை ஏன் அவன் மூக்குகிட்ட நீட்டுற?"

"மேனேஜர் மேற்பார்வை பாக்கணும்ல."

ஆளுக்கு அரை நிமிடம். ஒன்பது வருடம் இப்படியே ஓடியது. எழுதிப் பார்த்தால் ஒன்றுமில்லாத காட்சி. எந்தக் காட்சியில் ஒன்றும் நடக்கவில்லையோ அதுதான் பிறகு வலிக்கும் என்பது என் அனுபவம். ஆகவே இதை வெட்டவில்லை.

6

அக்காவுக்கு ஐம்பது வயதில் கல்யாணமாயிற்று. கண்ணாடிக்கு அளவு கொடுக்க வந்தவர், மூன்று முறை சட்டத்தை மாற்றினார். மூன்றாம் முறை அக்காவுக்குப் புரிந்துவிட்டது. அவர் நல்ல மனிதர். கதைக்கு வசதியாக இருக்கும் என்று அவரைக் கெட்டவராக்கிப் பார்த்தேன், ஒட்டவில்லை. அவர் குடியிருக்கும் கட்டடத்தில் நாய் வளர்க்க அனுமதி இல்லை, அவ்வளவுதான் அவர் மேல் குறை.

பெட்டியை எடுத்துக்கொண்டு கிளம்புகிற அன்று வாசலில் நடந்த பேச்சு இது.

"வாரத்துல மூணு நாள் கடையிலேர்ந்து நேரா வந்துடறேன். என் பக்கத்தைத் தேய்ச்சுட்டுப் போறேன்."

"எதுக்கு?"

"எதுக்குன்னா? அவன் பல்லுக்குத்தான்."

"விட்டுட்டுப் போறவளுக்குப் பல்லு மேல என்ன அக்கறை? நீ ஒண்ணும் வர வேணாம்."

"கோவத்துல பேசாத."

"கோவமெல்லாம் இல்ல. வர வேணாம்."

எட்டு மாதம் அக்கா வரவில்லை. எட்டு மாதமும் தங்கை தவறாமல் இடது பக்கத்தை மட்டும் தேய்த்தாள். அரை நிமிடம், சின்னச் சின்ன வட்டமாக, துளி குறையில்லாமல்.

இந்த இடத்தில் எனக்கே சந்தேகம் வந்தது. ஒரு மனுஷி இப்படிச் செய்வாளா? வாயில்லா ஜீவனின் வாய் அழுகப் பார்த்துக்கொண்டு இருப்பாளா? பேனாவை வைத்துவிட்டு அவளிடமே கேட்டேன்.

"அந்தப் பக்கத்தையும் நீயே தேய்ச்சிருக்கலாமே?"

"தேய்ச்சிருக்கலாம்."

"கை எட்டாதா?"

"எட்டும்."

"அப்புறம் என்னம்மா?"

"தேய்ச்சுட்டா அவ வர வேண்டியதே இல்லைன்னு ஆயிடும்ல."

அதற்கு மேல் அவளைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை. உங்களுக்கு வந்தால் திட்டிக்கொள்ளுங்கள், பக்கத்தின் ஓரத்தில் இடம் இருக்கிறது.

7

முதலில் வாடை வந்தது. பிறகு மேனேஜர் பிஸ்கட்டை ஒரு பக்கமாகவே மென்றான், பாதியைக் கீழே போட்டான். வலது கண்ணுக்குக் கீழே வீங்கியபோதுதான் தங்கை பயந்து மருத்துவமனைக்குத் தூக்கி வந்தாள். இனிமேல் நீங்கள் நான் உட்கார்ந்திருந்த நாற்காலிக்கு வந்துவிட்டீர்கள். கதவு இடுக்கில் செருப்பும் வாலும் தெரிகின்றன.

"அப்ப வலது பக்கம் யாரு தேய்க்கிறா?"

"அது... அக்கா பக்கம்."

"அக்கா எங்க?"

"இப்ப எங்ககூட இல்ல."

"அய்யோ, தவறிட்டாங்களா?"

"இல்ல டாக்டர். கல்யாணம்."

மருத்துவர் சிரிக்கவில்லை. மேல் வரிசையில் பெரிய கடைவாய்ப் பல் வேரில் சீழ் பிடித்திருக்கிறது, பிடுங்கியே ஆக வேண்டும் என்றார். முழு மயக்கம் கொடுக்க வேண்டும். வயது பதினொன்று, இதயத் துடிப்பில் ஓர் இரைச்சல் வேறு கேட்கிறது.

"எழுந்துடுவான்தானே?"

"பெரும்பாலும் எழுந்துடுவாங்க. நிச்சயமான்னு கேட்டா, சொல்ல மாட்டேன். கார்டுல வளர்க்கிறவங்கன்னு ரெண்டு பேர் போட்டிருக்கு. இந்த மாதிரி கேஸுக்கு ரெண்டு கையெழுத்தும் வேணும்."

தங்கை வராந்தாவுக்கு வந்து எட்டு மாதமாகத் தொடாத எண்ணை அழுத்தினாள்.

"அக்கா."

"சொல்லு."

"மேனேஜருக்குப் பல்லு பிடுங்கணுமாம்."

"எந்தப் பக்கம்?"

பேருந்து நிலையம் முழுக்கக் கேட்கும் அந்தக் குரல் எங்கேயோ போய்விட்டது.

"உன் பக்கம்."

எதிர்முனையில் இயந்திரம் ஓடும் சத்தம். பிறகு அதை நிறுத்தும் சத்தம்.

"எங்க வரணும், சொல்லு."

8

கையெழுத்துப் போட்டார்கள். மேனேஜரை உள்ளே கொண்டுபோனார்கள். நடுவில் ஒரு நாற்காலி விட்டு இருவரும் உட்கார்ந்தார்கள்.

"வீக்கம் எத்தனை நாளா?"

"நாலு நாளா."

"வாடை?"

"அது... அதுக்கு முன்னாடியே."

"வர வேணாம்னு நீ சொன்னது எனக்கு. பல்லுக்கு இல்ல."

"தெரியும்."

"தெரிஞ்சுமா?"

தங்கை காலியான நாற்காலியைப் பார்த்தாள்.

"மைக்ல மட்டும் நல்லா வருத்தம் தெரிவிப்ப" என்றாள் அக்கா. "ஊர்ல உள்ள பஸ்ஸுக்கெல்லாம்."

"நீயும்தான். வராதன்னா அப்படியே நின்னுடுவியா? சின்ன வயசுல நான் எத்தனை தடவை வராதன்னிருக்கேன், ஒரு தடவையாவது கேட்டிருக்கியா?"



9

இப்போது முடிவு.

[மருத்துவர் கையுறையைக் கழற்றிக்கொண்டே வெளியே வந்தார். அவர் முகத்தைப் பார்த்ததுமே அக்கா]

இதை எழுத மாட்டேன். எழுதினால் கனமான கதை என்பார்கள். இரண்டு பெண்களுக்குப் புத்தி சொல்ல ஒரு நாயைச் சாகடிக்கிற அளவுக்கு நான் இன்னும் கெட்டுப்போகவில்லை. மேனேஜர் பிழைத்துக்கொண்டான். ஒரு பல் குறைந்தது, நாக்கு கொஞ்சம் வெளியே தொங்கியது, வால் ஆடியது. இதில் வாசகர்களுக்கு ஓட்டு கிடையாது.

[இருவரும் ஓடிப் போய் ஒருவரையொருவர் கட்டிக்கொண்டு]

இது நாத்தனார் கேட்ட முடிவு. "ரெண்டு பேரையும் சேத்து வச்சுடுங்க அண்ணி, புண்ணியமாப் போகும்." ஆனால் இந்த இருவரும் பிறந்ததிலிருந்து கட்டிக்கொண்டதே இல்லை. மயக்கம் முழுதாகத் தெளியாத நாயை ஆளுக்கொரு பக்கம் தாங்கிப் பிடித்து வண்டியில் ஏற்றினார்கள், அது அவர்களால் முடியும்.

"பதினஞ்சு நாளைக்குப் பிரஷ் வேண்டாம். கூழ் மாதிரி குடுங்க. அப்புறம் ரெண்டு பக்கமும் தேய்க்கணும்" என்று மருத்துவர் சொன்னபோது 'ரெண்டு' என்பதைக் கொஞ்சம் அழுத்திச் சொன்னார். அக்கா வீடு வரைக்கும் வந்தாள், உள்ளே வரவில்லை. லிப்டுக்குள் நின்றுகொண்டு சொன்னாள்:

"பதினஞ்சு நாள் கழிச்சு நான்—"

லிப்ட் கதவு மூடிக்கொண்டது. இந்தப் பாதி வாக்கியத்துக்கு நான் பொறுப்பில்லை. கதையில் மற்றதெல்லாம் நான் விட்டது, இது அவள் விட்டது.

10

பதினாறாம் நாள். இரவுச் சாப்பாட்டுக்கு முன். தங்கை சோபாவின் இடப் பக்கம் உட்கார்ந்திருக்கிறாள். மேனேஜர் வந்து நடுவில் படுத்துவிட்டான். தன் பக்கத்து அரை நிமிடத்தை அவள் முடித்துவிட்டாள். அவன் எழுந்திருக்கவில்லை. பழக்கம் போல முகத்தை மறு பக்கம் திருப்பி, காலியான இடத்தைப் பார்த்துக்கொண்டு படுத்திருக்கிறான்.

மேசை மேல் புதுப் பிரஷ் ஒன்று, உறை பிரிக்காமல். அதன் காம்பில் புள்ளி வைக்க முடியாததால், உறையின் மேலேயே தங்கை ஒரு சிவப்புப் புள்ளி வைத்திருக்கிறாள்.

லிப்ட் மேலே வருகிற சத்தம் கேட்கிறது. அந்தக் கட்டடத்தில் ஆறு மாடிகள். யாரும் எந்த மாடிக்கும் வரலாம்.

அந்த உறையை யார் பிரிப்பது என்பதை நீங்கள் சொல்லுங்கள். அக்கா வந்து பிரிக்கலாம். வராமல்போனால் தங்கையே பிரித்து, கையை எட்டி, இரண்டு பக்கமும் தன் பக்கம்தான் என்று தேய்க்கலாம். எதுவானாலும் எனக்குச் சம்மதம். ஆனால் அவசரமில்லை, யோசித்துச் சொல்கிறேன் என்று மட்டும் புத்தகத்தை மூடி வைத்துவிடாதீர்கள். மருத்துவர் சொன்னது நினைவிருக்கட்டும்: இறுகுவதற்கு இரண்டு மூன்று நாள்தான்.